ஆராய்ச்சி மணியும் தூக்குமேடையும்

மனுநீதிச் சோழன் கதையை அறியாத தமிழ் மாணவன் இல்லை. கன்றை இழந்த பசு ஆராய்ச்சி மணியை அசைத்தது; அரசன் தன் ஒரே மகனைத் தேர்க்காலில் இட்டு நீதி வழங்கினான். சேக்கிழார் இதனைத் திருவாரூரின் பெருமையாகப் பெரியபுராணத்தின் தொடக்கத்தில் வைத்துப் பாடினார். மகாவம்சமும் இத்தகைய செயலையே எல்லாளன்மேல் ஏற்றிக் கூறுகிறது. இத்தீவின் இரு மக்களும் செங்கோன்மைக்கு எடுத்துக்காட்டாக ஒருங்கே போற்றும் கதை இதுவெனலாம்.

ஆயினும் இக்கதையைப் படிப்போர் பெரும்பாலும் எழுப்பாத கேள்வி ஒன்றுண்டு. பசு கேட்டது யாது? அதற்கு வாயில்லை. அதன் துயரத்தின் பொருள் இன்னதென்று முடிவு செய்தவன் அரசனே. பசுவின் துன்பத்தைத் தானும் அடைதலே தகுதி எனத் துணிந்து இன்னோர் உயிரையும் போக்கினான். அதனாற் கன்று எழவில்லை. ஆணையை நிறைவேற்ற மனமொவ்வாத அமைச்சன் தன்னுயிரை விட, மூன்றாவது பிணமும் வீழ்ந்தது. மூவுயிரும் மீள்வதற்கு இறைவனே வீதிக்கு வரவேண்டியதாயிற்று. தண்டனை மீட்டுத்தர இயலாததை அற்புதம் மீட்டுத்தந்தது என்பதைச் சேக்கிழாரின் கதையமைப்பே ஒப்புக்கொள்கிறது. அற்புதங்கள் நிகழாத உலகிலே பசுவுக்கு எஞ்சியிருக்கக்கூடியது யாது என்பதே நாம் சிந்திக்கவேண்டியது.

நமது இலக்கிய மரபு பெரும்பாலும் அரசனின் இருக்கையிலிருந்தே தண்டனையை நோக்கியது. கொடியோரைக் கொலையினால் ஒறுத்தலை உழவன் களை களைவதற்கு ஒப்பிட்டது வள்ளுவரின் செங்கோன்மை அதிகாரம். களை என்று ஒருவனைப் பெயரிட்டபின் அவன் எங்கு முளைத்தான், எந்நிலம் அவனை வளர்த்தது என்ற வினாக்களுக்கு இடமில்லாது போகிறது. கொலையுண்டவனின் மனைவியை அரசவையில் வாய்திறந்து பேசவைத்த பெருமை இளங்கோவடிகளுக்கு உரியது. கண்ணகி அவைபுகுந்தபோது முதலில் நிலைநாட்ட முற்பட்டது உண்மையை. சிலம்பை உடைத்து மெய் வெளிப்பட்ட பின்னரே ஏனைய யாவும் நிகழ்ந்தன. பறிகொடுத்தவர் தம் வாயாற் பேசத் தொடங்கும்போது முதலிற் கேட்பது உண்மையையே என்னும் இக்குறிப்பை நாம் மனத்திற் கொள்ளுதல் நன்று. பின்னர் அது நமக்குப் பயன்படும்.

தற்கால அரசுகள் தூக்குமேடைக்குக் கூறும் நியாயங்களுள் மிக வலியது, பறிகொடுத்தவரின் துயரமே. அச்சுறுத்தற் பயன் பற்றிய வாதம் புள்ளிவிபரங்களின் முன் தளர்ந்துவிட்டது. ஆனால், "உன் தாயை ஒருவன் கொன்றிருந்தால் நீ இப்படிப் பேசுவாயா?" என்ற கேள்வியின் முன் நமது பாடசாலை விவாத அரங்குகளில் எத்தனையோ மாணவர் வாயடைத்துப்போவதை ஆசிரியர்கள் கண்டிருப்பர். இக்கேள்விக்கு நூலறிவாற் பதில் கூறுதல் கடினம். பதில் கூறும் உரிமை உடையோர் உண்மையிலேயே தாயைப் பறிகொடுத்தவர்கள்தாம். அவர்களுட் சிலர் பதில் கூறியும் இருக்கிறார்கள்.

ஐக்கிய அமெரிக்காவில் மரீ டீன்ஸ் என்னும் பெண்மணியின் மாமியார் 1972இற் கொலையுண்டார். கொலையாளியைக் கொல்வதில் தமக்கு விருப்பமில்லையென்று கூறிய மரீ டீன்ஸ், தம்மையொத்தவர்களைத் திரட்டி, கொலையுண்டோர் குடும்பங்களின் நல்லிணக்க அமைப்பொன்றை 1976இல் நிறுவினார். அவ்வாண்டிலேதான், நான்காண்டு இடைவெளியின் பின், மரண தண்டனைச் சட்டங்களுக்கு அந்நாட்டு உயர் நீதிமன்றம் மீண்டும் வழிதிறந்தது. அரசு எவருடைய பெயராற் கொல்ல முற்பட்டதோ அவர்களுள் ஒரு பகுதியினர், "எம் பெயரால் வேண்டாம்" என்று கூறத் தொடங்கினர். இவ்வியக்கத்தைச் சூழ்ந்து ஓர் இலக்கியமும் வளர்ந்தது. அவ்விலக்கியத்தின் சாதனை யாது, குறை யாது, அது நமக்கு உணர்த்துவது யாது என்பவற்றை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

அவ்விலக்கியத்துள் உலகறிந்த நூல், அருட்சகோதரி ஹெலன் பிரஜீன் 1993இல் வெளியிட்ட 'டெட் மான் வோக்கிங்'. சாவுக்கு விதிக்கப்பட்டவன் நடந்துவருகிறான் என்ற பொருளில் சிறைக்காவலர் எழுப்பும் குரலே நூலின் பெயராயிற்று. நூலாசிரியை லூயிசியானா மாநிலத்தைச் சேர்ந்த கத்தோலிக்கக் கன்னியாஸ்திரீ. வசதியான குடும்பத்திற் பிறந்தவர். 1981இல் நியூ ஓர்லியன்ஸ் நகரின் சென் தோமஸ் என்ற அரசாங்கக் குடியிருப்பிற் குடியேறி, வறிய கறுப்பின மக்களோடு வாழத் தொடங்கினார். மரண தண்டனைக் கைதி ஒருவனுக்குக் கடிதம் எழுதுமாறு அடுத்த ஆண்டில் வேண்டப்பட்டபோது, வறியவருக்குச் செய்யும் பணியின் தொடர்ச்சியாகவே அதனை ஏற்றார். வறுமையிலிருந்து சிறைக்கும், சிறையிலிருந்து மின்சார நாற்காலிக்கும் செல்லும் பாதை ஒன்றே என்பதை நூல் தன் முதற் பக்கங்களிலேயே உணர்த்திவிடுகிறது.

அக்கைதி எல்மோ பற்றிக் சொன்னியர். அவனும் அவன் தம்பி எடியும் 1977இல் காதலர் இருவரைப் பிடித்துச் சென்று, பெண்ணைக் கெடுத்து, இருவரையும் தரையிற் கிடத்திச் சுட்டுக்கொன்றனர் என்பது வழக்கு. இறந்தவர்கள் பதினேழும் பதினெட்டும் வயதினர். கொடுமையை நூலாசிரியை மூடிமறைக்கவில்லை. கொலையாளி ஏழையாதலாற் குற்றம் சிறிது என்று வாதாடும் மலிவான மனிதாபிமானம் இந்நூலில் இல்லை.

ஆயினும் இந்நூலைச் சாதாரண பிரசாரநூல்களிலிருந்து பிரித்துக் காட்டுவது வேறொன்று. சொன்னியருக்காகப் பாடுபட்ட காலத்திலே கொலையுண்டவர்களின் பெற்றோரை ஆசிரியை சென்று காணவில்லை. தம்மைக் கண்டால் அவர்கள் வெகுண்டெழுவர் என்ற அச்சமே காரணம். கருணை மனு விசாரணையன்று, கொலையுண்ட இளைஞனின் தந்தை லொயிட் லெபிளாங் அவரை நேரில் வினவினார்: தாமும் ஒரு கத்தோலிக்கரே, கொலையாளியின் பக்கத்தை எடுத்துரைக்க வந்தவர், தம் வீட்டுக்கு ஒரு தடவையேனும் வந்து தம் பக்கத்தைக் கேளாதது எவ்வாறு? இவ்வினா நூலின் அச்சாணி. இதனை எழுதாமல் விட்டிருந்தாலும் நூல் மரண தண்டனைக்கு எதிரான நூலாகவே இருந்திருக்கும். எழுதியதனால் அது உண்மை நூலாயிற்று. தன் கொள்கைக்குச் சங்கடமான குரலை நூலின் நடுவில் வைப்பதற்கு எழுத்தாளனுக்கு நேர்மை வேண்டும். முற்போக்காளர் எனப்படும் நம்மிடையே இந்நேர்மை போதிய அளவு உண்டா என்று கேட்டுக்கொள்வது பொருந்தும். ஒடுக்கப்பட்டவனுக்காகப் பேசும்போது, அவன் கையால் ஒடுங்கிய மற்றோர் ஏழையை மறந்துவிடும் இயல்பு நமது சிறுகதைகளிலும் காணப்படுவதே.

சொன்னியர் 1984 ஏப்பிரல் 5ஆந் திகதி மின்சார நாற்காலியிற் கொல்லப்பட்டான். இறக்குமுன் லெபிளாங்கை நோக்கி மன்னிப்புக் கேட்டான், அவர் தலையசைத்தார். லெபிளாங் பழிதீர்க்க அங்கு வந்தவரல்லர். மன்னிப்புக் கேட்கும் ஒரு சொல்லை எதிர்பார்த்தே வந்தார். கொலையாளி சிறையில் இருந்திருப்பினும் தமக்குப் போதுமாயிருந்திருக்கும் என்று அவர் பின்னர் ஆசிரியையிடம் கூறினார். கொலையாளிகளின் தாயை ஊரார் வெறுத்து வதைத்தனர். அவளிடஞ் சென்று ஆறுதல் கூறியவரும் இவரே.

இங்கே பிரஜீன் எளிதான ஒரு வழியிற் சென்றிருக்கலாம். லெபிளாங்கை மாசற்ற புனிதராக வரைந்து, வாசகரின் கண்ணீரோடு நூலை முடித்திருக்கலாம். அவ்வாறு செய்யவில்லை. மன்னித்தல் ஒருநாளில் முடிந்துவிடுவதில்லை. மகனின் பிறந்தநாள் வரும்போதும், அவனுக்கு இப்பொழுது என்ன வயதாகியிருக்கும் என்று எண்ணும்போதும் வெறுப்பு மீண்டும் தலைதூக்குகிறது. நாள்தோறும் போராடி அதனை வெல்லவேண்டியிருக்கிறது. நூலின் இறுதிப் பகுதியில் விடியுமுன் சிற்றாலயத்தில் மண்டியிட்டிருக்கும் மனிதர், மன்னிப்பை அடைந்தவர் அல்லர், அதற்காக உழைத்துக்கொண்டிருப்பவர். மதநம்பிக்கை அற்ற வாசகனும் இவ்வுழைப்பை மதிக்காதிருத்தல் அரிது.

லெபிளாங்குக்கு எதிரே வேர்னன் ஹார்வி என்ற இன்னொரு தந்தையை நூல் நிறுத்துகிறது. பிரஜீன் துணைநின்ற இரண்டாவது கைதியான ரொபேட் வில்லியின் கையால் இறந்த பெண்ணின் மாற்றாந்தந்தை அவர். மரண தண்டனைக்காக வெளிப்படையாகப் போராடியவர். 1984 டிசெம்பரில் வில்லி கொல்லப்பட்டதை நேரிற் கண்டார். அதன்பின் அவருக்கு அமைதி வாய்த்ததா? இல்லை. சாவு மிக விரைவாக முடிந்துவிட்டதென்றார். அரசு தருவதாக வாக்களித்த ஆறுதல் சில நிமிடங்களில் தீர்ந்தது. மகள் இல்லாத வீடு அப்படியே இருந்தது. பிரஜீன் இவரை எள்ளவில்லை. அவர் வீட்டுக்குச் சென்று பழகுகிறார், அவர் கோபத்தைக் கேட்கிறார். மன்னித்தவர் உயர்ந்தவர், மன்னிக்காதவர் தாழ்ந்தவர் என்ற தராசை நூல் கையிலெடுக்கவில்லை என்பதைப் பாராட்டவேண்டும். பறிகொடுத்தவருக்கு மன்னிக்கவேண்டிய கடமை ஏதுமில்லை. அவரது வெறுப்பையும் நாம் தீர்ப்பிடலாகாது. நாம் தீர்ப்பிடவேண்டியது, அவ்வெறுப்பை மூலதனமாக்கிக்கொள்ளும் அரசை.

நூலின் மிகக் கூர்மையான சமுதாயப் பார்வை வேறோர் இடத்தில் வெளிப்படுகிறது. கொலையுண்டோர் குடும்பங்களுக்காக நியூ ஓர்லியன்ஸில் ஒரு துணைக்குழு பிரஜீனின் முயற்சியால் உருவாகிறது. அதிற் கூடுவோர் பெரும்பாலும் வறிய கறுப்பினத் தாய்மார். அவர்களது பிள்ளைகளும் கொலையுண்டவர்களே. ஆனால் அவர்களைத் தேடி அரச வழக்குத்தொடுநர் வருவதில்லை. கொலையாளிகள் பலரைப் பொலிஸார் தேடிப் பிடித்ததும் இல்லை. துயரம் தூக்குமேடைக்கு நியாயமாகுமாயின், இத்தாய்மாரின் துயரம் ஏன் கணக்கில் வரவில்லை? இறந்தவர் இன்னார் என்பதைப் பொறுத்தே அரசின் சினம் மூண்டது. ஜோர்ஜியா மாநிலத்தின் வழக்குகளை ஆராய்ந்த டேவிட் போல்டஸ் குழுவினர், வெள்ளையரைக் கொன்றோருக்கு மரண தண்டனை கிடைக்கும் வாய்ப்பு, கறுப்பினத்தவரைக் கொன்றோருக்குள்ளதைவிட 4.3 மடங்கு எனக் கண்டனர். இவ்வாய்வு மக்கிளெஸ்கி வழக்கில் 1987இல் ஐக்கிய அமெரிக்க உயர் நீதிமன்றத்தின் முன் வைக்கப்பட்டது. ஐந்து நீதியரசர் எதிர் நால்வர் என்ற கணக்கில் நீதிமன்றம் அதனைத் தண்டனையை நீக்கப் போதிய காரணமாகக் கொள்ளவில்லை. பெரும்பான்மைத் தீர்ப்பை எழுதிய நீதியரசர் பவல், பதவியிலிருந்து விலகியபின், அவ்வழக்கில் தமது வாக்கை மாற்ற விரும்புவதாகக் கூறினார். கைதிக்கு அது பயன்படவில்லை. 1991இல் அவன் கொல்லப்பட்டான்.

இந்நூலைத் தழுவி ரிம் ரொபின்ஸ் 1995இல் நெறிப்படுத்திய திரைப்படத்தை நம்மிற் பலர் பார்த்திருப்பர். ஹெலனாக நடித்த சூசன் சரண்டனுக்கு ஒஸ்கார் விருது கிடைத்தது. சொன்னியரும் வில்லியும் படத்தில் மத்தியூ பொன்ஸ்லே என்னும் ஒரே பாத்திரமாகின்றனர். மின்சார நாற்காலிக்குப் பதிலாக நச்சூசி இடம்பெறுகிறது. பொன்ஸ்லே கொல்லப்படும் காட்சியோடு, அவன் செய்த கொலையின் காட்சியும் மாறிமாறிக் காட்டப்படுகிறது. இது மரண தண்டனை எதிர்ப்பை வலுவிழக்கச் செய்வதென்று கூறுவோர் உளர். அக்கூற்று தவறானது. கொலையைக் காட்டாது கொலைத்தண்டனையை மட்டும் காட்டியிருப்பின், படம் பாதி உண்மையையே கூறியிருக்கும். இரண்டையும் ஒருங்கே காணும் பார்வையாளன், இரு உயிர்கள் போன இடத்தில் மூன்றாவதும் போயிற்று என்ற வெறுமையைத் தானே உணர்கிறான்.

குறை வேறிடத்தில் உள்ளது. உண்மை வழக்கில் அண்ணன் தம்பி இருவருள் சுட்டவன் எவன் என்பது தீராத ஐயமாயிருந்தது. தானே சுட்டதாகக் கூறிய தம்பிக்கு ஆயுட்சிறை. அண்ணனுக்கு மின்சார நாற்காலி. இயந்திரம்போற் பிழையின்றி இயங்குவதாகக் கூறப்படும் நீதித்துறை, எவ்வளவு தற்செயலாக உயிரைத் தருகிறது, எடுக்கிறது என்பதை இது காட்டுகிறது. படமோ இவ்வையத்தை விட்டுவிட்டது. அதன் நாடகம் முழுவதும், கைதி தன் குற்றத்தை ஒப்புக்கொள்வானா என்ற ஒரே வினாவை நோக்கிக் குவிகிறது. ஏழைக்கு நல்ல சட்டத்தரணி கிடைப்பதில்லை என்பதை மன்னிப்புச் சபையின் முன் நிகழும் உரையொன்று கூறுகிறது என்பதை மறுப்பதற்கில்லை. ஆயினும் நூலிற் பக்கந்தோறும் ஓடும் சமுதாய விமரிசனம், படத்தில் ஓர் உரையாய்ச் சுருங்குகிறது. வறிய தாய்மாரின் கேள்வி படத்தின் மையத்துக்கு வருவதேயில்லை. எஞ்சுவது ஓர் ஆன்மாவின் மீட்சிக் கதை. அது உயர்ந்த கதையே. ஆனால் ஆன்மா மீட்சி பெற்றபின்னும் சென் தோமஸ் குடியிருப்பு இருந்தபடியே இருந்தது. ஹொலிவூட் தனிமனிதனின் கண்ணீரைப் பொறுத்துக்கொள்ளும். அமைப்பின்மேற் கைநீட்டுவதை எளிதிற் பொறுத்துக்கொள்ளாது.

எனினும் படத்தின் இறுதியைப் பாராட்டாது விடலாகாது. கொலையாளியின் அடக்கத்துக்கு வந்து ஒதுங்கி நிற்கும் தந்தை, தம்மிடம் வெறுப்பே நிறைந்திருப்பதாகவும், ஹெலனின் விசுவாசம் தமக்கில்லை என்றும் கூறுகிறார். இது விசுவாசம் பற்றியதன்று, உழைப்பு என்ற கருத்திற் பதில் வருகிறது. மூலநூலின் உயிர்நிலை இவ்விடத்திற் காப்பாற்றப்பட்டுள்ளது.

மற்றொரு நூல், பில் பெல்க் 2003இல் வெளியிட்ட 'ஜேர்னி ஒவ் ஹோப்'. பிரஜீனின் எழுத்துவன்மை இதில் இல்லை. இது ஒரு தொழிலாளியின் சாட்சியம். இந்தியானா மாநிலத்தின் உருக்காலையொன்றிற் பாரந்தூக்கி இயக்கியவர் பெல்க். உருக்குத் தொழில் நலிந்து வேலையின்மை சூழ்ந்த கேரி நகரிலே, விவிலியம் கற்பித்துவந்த அவரது எழுபத்தெட்டு வயதுப் பாட்டியாரைச் சிறுமியர் நால்வர் 1985இல் வீடுபுகுந்து கொன்றனர். அவர்களுள் போலா கூப்பர் என்ற கறுப்பினச் சிறுமிக்கு அப்போது வயது பதினைந்து. அடுத்த ஆண்டில் அவளுக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது. தீர்ப்பை முதலில் ஏற்றுக்கொண்ட பெல்க், சில மாதங்களின் பின் ஓரிரவு, ஆலையில் உயரத்தே தம் பாரந்தூக்கிக் கூண்டில் தனித்திருந்தபோது, இச்சிறுமியின் சாவைத் தம் பாட்டியார் விரும்பியிருக்கமாட்டார் என்ற முடிவுக்கு வந்தார்.

இந்நூலின் மதத்தொனி நம் வாசகருட் சிலருக்கு உவப்பாயிராது. மன்னிப்பு என்பது அநீதியைச் சகித்துக்கொள்ளக் கற்பிக்கும் அபினி என்று அவர்கள் ஐயுறலாம். அவ்வையத்தை அசட்டை செய்யலாகாது. ஆளுவோர் மன்னிப்பை அவ்வாறு பயன்படுத்தியதுண்டு. ஆனால் பெல்க்கின் மன்னிப்பு எங்கே சென்றது என்று பார்ப்போம். அது அவர் உள்ளத்திலேயே உறைந்துவிடவில்லை. அச்சிறுமிக்குக் கடிதம் எழுதினார், மக்கள்முன் பேசினார். இத்தாலியிற் கிளர்ந்த இயக்கத்தோடு இணைந்தார். பாப்பரசர் இரண்டாம் அருளப்பர் சின்னப்பர் 1987இல் அவளுக்காக வேண்டுகோள் விடுத்தார். ஏறத்தாழ இருபது இலட்சம் கையொப்பங்கள் திரண்டன. பத்து வயதுச் சிறுவருக்கும் மரண தண்டனை விதிக்க இடந்தந்த இந்தியானாச் சட்டம், 1987இல் அவ்வயதெல்லையைப் பதினாறாக உயர்த்தியது. 1989இல் அம்மாநில உயர் நீதிமன்றம் கூப்பரின் தண்டனையை அறுபதாண்டுச் சிறையாகக் குறைத்தது. குற்றஞ்செய்தபோது பதினெட்டு வயது நிரம்பாதோருக்கு மரண தண்டனை விதித்தல் ஆகாதென்று 2005இல் நாடு முழுமைக்குமாகத் தீர்ப்பு வந்தது. ஒருவரின் மன்னிப்பு கூட்டுச்செயலாக மலரும்போது அது சட்டத்தையும் அசைக்கும் என்பதற்கு இது சான்று.

ஆயின் வரலாறு நூல்களைப்போல் அழகாக முடிவதில்லை. 2013இல் விடுதலையான கூப்பர், ஈராண்டுகள் கழிந்ததும் தன்னுயிரை மாய்த்துக்கொண்டார். பெல்க் 2020இற் காலமானார். மன்னிப்பு அற்புதமன்று, சிதைந்த இளமையை அது சீராக்கிவிடாது. அதற்கு வேண்டியது வேறு சமுதாயம். மன்னிப்பினால் இயன்றது, பதினைந்து வயதுப் பிள்ளையை அரசு கொல்லாமல் தடுத்ததே. அதுவும் சிறிதன்று.

இத்தகைய நூல்களிலிருந்து நாம் பெறும் கருத்தை ஒரு நிகழ்ச்சியோடு உறுதிசெய்யலாம். ஒக்லஹோமா நகரக் குண்டுவெடிப்பில் 1995இல் 168 பேர் மாண்டனர். அவர்களுள் ஒருத்தியின் தந்தை, பட் வெல்ச், பெற்றோல் நிலையம் நடத்தியவர். பல மாதங்கள் பழிவெறியிற் புழுங்கிய பின் அதிலிருந்து மீண்டு, குண்டுவைத்த திமொதி மக்வேயின் தந்தையை 1998இல் அவர் இல்லத்திற் சென்று கண்டார். மகளை இழந்த தந்தையும், மகனை இழக்கப்போகும் தந்தையும் ஒரு மேசையில் அமர்ந்தனர். அரசோ 2001 ஜூன் 11இல் மக்வேயைக் கொன்றது. அதனை உற்றாருக்கு மூடிய தொலைக்காட்சிச் சுற்றின்வழிக் காட்டியது. இருநூற்றுக்கும் மேற்பட்டோர் கண்டனர். துயரத்துக்கு அரசு கண்ட மருந்து ஒரு காட்சி. வெல்ச் கண்ட மருந்து ஓர் உரையாடல்.

இனி நம் நாட்டுக்கு வருவோம். இங்கும் இப்பிரச்சினைக்கு ஒரு வரலாறு உண்டு. 1956இல் ஆட்சிக்கு வந்த பண்டாரநாயக்க அரசாங்கம் மரண தண்டனையை நிறுத்திவைக்க முடிவுசெய்து, 1958இல் அதற்குச் சட்டமியற்றியது. தனிச் சிங்களச் சட்டத்தால் நம் மக்களுக்கு இழைத்த அநீதிக்குப் பண்டாரநாயக்க பொறுப்பாளியே. ஆயினும் இவ்விடயத்தில் அவர் காலத்தை முந்தி நின்றார் என்பதை மறைப்பது நேர்மையாகாது. 1959 செப்ரெம்பரிற் சுடப்பட்டு மருத்துவமனையிற் கிடந்தபோது, தம்மைச் சுட்டவன்மேற் பழிவாங்காது இரக்கங்காட்டுமாறு மக்களை வேண்டினார். அடுத்தநாள் இறந்தார். கொலையுண்டவரே மரணப்படுக்கையில் விடுத்த வேண்டுகோள் அது. அதன்பின் நடந்தது யாது? அவ்வாண்டு முடியுமுன் மரண தண்டனை முன்தேதியிட்டு மீட்கப்பட்டது. 1962 ஜூலையில், அவர் துணைவியாரின் ஆட்சிக்காலத்தில், சோமராம தூக்கிலிடப்பட்டான். இறந்தவரின் பெயரால், இறந்தவர் வேண்டாமென்றதே நிறைவேற்றப்பட்டது.

1976இன் பின் இங்கு எவரும் தூக்கிலிடப்படவில்லை. 2019இல் போதைப்பொருட் குற்றவாளிகள் நால்வரைத் தூக்கிலிட அன்றைய ஜனாதிபதி கையொப்பமிட்டபோது, உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தது. எனவே தூக்குமேடை நமது உடனடிப் பிரச்சினையன்று எனச் சிலர் கருதலாம். ஆனால் பறிகொடுத்தவரின் குரலைப் பறிக்கும் அரசின் பழக்கம் தூக்குமேடையோடு முடிவதில்லை. அதற்கு மறுமுகமும் உண்டு.

2000ஆம் ஆண்டு டிசெம்பரில், தம் வீடுகளைப் பார்க்கச் சென்ற தமிழர் எண்மர், குழந்தைகள் உட்பட, மிருசுவிலிற் கொன்று புதைக்கப்பட்டனர். தப்பிய ஒருவரின் சாட்சியத்தால் உண்மை வெளிவந்தது. பதினைந்து ஆண்டுகள் கழிந்து, 2015இல், இராணுவச் சார்ஜன்ட் சுனில் ரத்நாயக்கவுக்கு மேல் நீதிமன்றம் மரண தண்டனை விதித்தது. 2019இல் உயர் நீதிமன்றம் அதனை உறுதிசெய்தது. 2020 மார்ச் மாதம் அன்றைய ஜனாதிபதி அவருக்குப் பொதுமன்னிப்பு வழங்கி விடுவித்தார்.

மரண தண்டனையை எதிர்க்கும் நாம் இதனை வரவேற்க வேண்டாமா என்று கேட்கலாம். வேண்டாம் என்பதே என் பதில், காரணமும் தெளிவானது. தூக்கிலிருந்து காப்பது வேறு. குற்றமே நிகழாததுபோல வீட்டுக்கு அனுப்புவது வேறு. லெபிளாங் தலையசைத்தது, தம்முன் நின்றவன் மன்னிப்புக் கேட்டபின். பெல்க் காக்க முனைந்தது கூப்பரின் உயிரை. அவளது குற்றத்தை மறைக்க அவர் முயலவில்லை. இவர்கள் வேண்டிய நல்லிணக்கத்தின் முதற்படி உண்மை. இரண்டாம்படி குற்றத்தை ஏற்றல். மன்னிப்பு அதற்குப் பின்னரே. அந்த மன்னிப்பை வழங்கும் உரிமையும் பறிகொடுத்தவருக்கே உரியது. மிருசுவிலின் தாய்மாரிடமும் பிள்ளைகளிடமும் எவரும் எதனையும் கேட்கவில்லை. அவர்களுக்கு உரியதை அரசு எடுத்து வழங்கிவிட்டது.

ஒருவர் பெயராற் கொல்வதும், ஒருவரைக் கேளாமல் அவருக்காக மன்னிப்பதும் ஒரே செயலின் இருமுகங்கள். இரண்டிலும் பறிகொடுத்தவர் வாயில்லாப் பசுவாக்கப்படுகின்றனர். 'நல்லிணக்கம்' என்ற சொல் 2010இல் நியமித்த ஆணைக்குழுவின் பெயரிலேயே இடம்பெற்றது. அன்றுதொட்டு மேடைதோறும் ஒலிக்கிறது. ஆனால் 2017இலிருந்து கிளிநொச்சியிலும் வடகிழக்கின் பிற ஊர்களிலும் காணாமலாக்கப்பட்டோரின் தாய்மார் வீதியோரம் அமர்ந்து கேட்டுவந்தது, எவரையும் தூக்கிலிடவேண்டும் என்பதையன்று. தம் பிள்ளைகளுக்கு நேர்ந்தது யாது என்பதையே கேட்டனர். கண்ணகி அவையிற் கேட்டதும் உண்மையையே என்பதை இங்கு நினைவுகூரலாம். உண்மையைச் சொல்லாது இணங்கி வாழுமாறு கூறுவது நல்லிணக்கமன்று. அது வாய்மூடச் சொல்லும் ஆணை.

நம் எழுத்தாளருக்கு இதில் ஒரு கடமை உண்டு. போரையும் கொலையையும் பற்றிய நமது கதைகள் கொன்றவனை அரக்கனாகவோ, கொல்லப்பட்டவனைத் தியாகியாகவோ காட்டுவதோடு பெரும்பாலும் நின்றுவிடுகின்றன. பின்னர் எஞ்சி வாழ்பவள் எப்படி வாழ்கிறாள், அவள் உண்மையிற் கேட்பது யாது, கொன்றவனின் தாயைச் சந்தையிற் காண நேர்ந்தால் அவள் என் செய்வாள் என்பவை எழுதப்படவேண்டியவை. அவள் மன்னிப்பவளாகத்தான் இருக்கவேண்டும் என்பதில்லை; ஹார்வியைப்போல மன்னிக்காதவளாயினும் அவளை நேர்மையோடு எழுதுதல் வேண்டும். லெபிளாங் போன்ற ஒருவரை எழுத முற்படுவோர், அவரது மன்னிப்பை மட்டுமன்றி, அது நாள்தோறும் கோரும் உழைப்பையும், அவ்வுழைப்பை அவர்மேற் சுமத்திய சமுதாயத்தையும் எழுதுதல் வேண்டும்.

ஆசிரியருக்கும் கடமை உண்டு. "உன் தாயை ஒருவன் கொன்றிருந்தால்?" என்ற கேள்வி அடுத்த விவாத அரங்கில் எழும்போது, அதனைத் தட்டிக்கழிக்காமல், பறிகொடுத்தவர்கள் சொன்ன பதில்களை மாணவர்முன் வைப்போம். லெபிளாங்கின் பதிலையும் ஹார்வியின் பதிலையும் வைப்போம். அரசு கேட்கவே வராத நியூ ஓர்லியன்ஸ் தாய்மாரையும், கேளாமலே தமக்காக மன்னிக்கப்பட்ட மிருசுவில் மக்களையும் சேர்த்து வைப்போம். பின்னர் மாணவரே முடிவு செய்யட்டும்.